பொய்கைச் சந்தையில் வாங்கிய கிடாரி சினை நிற்கவில்லை. காளையோடு பிறந்ததால் இப்படி ஆகுமா?

பாலாற்றங்கரை எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். பள்ளிகொண்டாவுக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். நாலு கறவை மாடு வைத்து சொசைட்டிக்குப் பால் ஊற்றுகிறோம். போன வருடம் தை கழிந்ததும் பொய்கைச் சந்தையில் ஒரு ஜெர்சிக் கலப்புக் கிடாரி பிடித்து வந்தேன். செவ்வாய்க்கிழமை விடிவதற்குள் போனால்தான் நல்ல உருப்படி கண்ணில் படும் என்று நாலு மணிக்கே போய் நின்று, டார்ச் அடித்துப் பார்த்து வாங்கியது. மினுமினுப்பான தோல், நீளமான உடம்பு, சுழியும் சுத்தம். அப்போது பல் போடவில்லை.

இப்போது நாலு பல் ஆகிவிட்டது. ஒரு தடவைகூடப் பருவத்துக்கு வரவில்லை. தாது உப்பு, பூச்சி மருந்து, பசுந்தீவனம் எதிலும் நான் குறை வைக்கவில்லை. மடி இறங்கவே இல்லை. காம்பு நாலும் சுண்டுவிரல் நுனி அளவில் அப்படியே நிற்கிறது. கழுத்து மட்டும் காளைக்குப் போலத் தடித்து வருகிறது. மற்ற மாடு பருவத்தில் கத்தினால் இது போய் அதன்மேல் தாவுகிறது.

போன வாரம், விற்றவரின் ஊர்க்காரர் ஒருவரைப் பார்த்தேன். "அது ரெட்டைக் கன்னு ஆச்சே, கூடப் பிறந்தது காளை" என்றார். வீட்டில் சொன்னதும் பாட்டி தலையில் அடித்துக்கொண்டார். காளையோடு பிறந்த கிடாரியை அந்தக் காலத்தில் யாரும் வளர்ப்புக்கு வாங்க மாட்டார்களாம். விற்றவருக்கு இது தெரியாமல் இருந்திருக்காது. என்னிடம் சொல்லவில்லை, அதுதான் மனசு ஆறவில்லை.

சரி, பணம் போனது போகட்டும். எனக்குப் புரியாதது வேறு. பெண்ணாக உருவானது பெண்தானே? கூட இருந்த காளைக்கன்று அதன் உடம்பை எப்படி மாற்றும்? ஆண் உடம்பும் பெண் உடம்பும் எந்த இடத்தில்தான் பிரிகின்றன? தெரிந்தவர்கள் பொறுமையாகச் சொல்லுங்கள்.

குடியாத்தம் மாட்டு டாக்டர் எழுதியது:

தம்பி, உங்கள் பாட்டி சொன்னது முழுக்க உண்மை. நான் முப்பது வருடம் கால்நடை மருத்துவமனையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். நீங்கள் சொன்ன அடையாளம் ஒவ்வொன்றும் பொருந்துகிறது. இதற்கு ஃப்ரீமார்ட்டின் என்று பெயர்.

பசுவின் வயிற்றில் இரண்டு கன்று இருந்தால், பெரும்பாலும் இரண்டின் நஞ்சுக்கொடிகளும் ஒட்டி, ரத்தக்குழாய்களும் இணைந்துவிடும். அதாவது, ஒரு கன்றின் ரத்தம் மற்றதற்குள்ளும் ஓடும். இரண்டும் கிடாரி என்றால் எந்தக் கெடுதலும் இல்லை. இரண்டும் காளை என்றாலும் இல்லை. ஒன்று காளை, ஒன்று கிடாரி என்றால்தான் சிக்கல். கருவில் விரை முதலில் உருவாகும், சினைப்பை அதற்கப்புறம்தான் உருவாகும். அந்த முந்திய விரையிலிருந்து இரண்டு சுரப்புகள், அதாவது ஹார்மோன்கள், கிளம்பும். ஒன்று, கருப்பையாக வளர வேண்டிய குழாயைக் கரைத்துவிடும். இன்னொன்று டெஸ்டோஸ்டிரோன், ஆண் உறுப்புகளை வளர்க்கும். காளைக்கன்றுக்கு வேண்டிய சரக்கு ரத்தத்தோடு கிடாரிக்கும் போய்ச் சேர்ந்துவிடுகிறது. அதன் கருப்பை வளராமல் நின்றுவிடும், சினைப்பை சுருங்கிவிடும். வெளியே பார்த்தால் கிடாரி. உள்ளே பாதி வழியில் நின்றுபோன உடம்பு.

காளையோடு பிறந்த கிடாரிகளில் நூற்றுக்குத் தொண்ணூறுக்கு மேல் இப்படித்தான் ஆகும். மிச்சம் சிலது தப்பிக்கும், ஏனென்றால் அவற்றில் ரத்தக்குழாய் இணைந்திருக்காது. ஜான் ஹண்டர் என்ற அறுவை மருத்துவர் 1779இலேயே இப்படிப்பட்ட மாடுகளை அறுத்துப் பார்த்து எழுதிவைத்தார். ரத்தம் வழியாகப் போகும் சுரப்புதான் காரணம் என்று ஃபிராங்க் லில்லி 1917இல் விளக்கினார். ஹார்மோன் பற்றிய பாடத்துக்கே இந்த மலட்டுக் கிடாரி ஒரு முக்கியமான அத்தியாயம்.

பிறந்த ஒரு மாதத்துக்குள்ளேயே இதைக் கண்டுபிடிக்கலாம். முனை மழுங்கிய சுத்தமான குழாயை எண்ணெய் தடவி, பிறப்புறுப்பில் மெதுவாக விட்டுப் பார்ப்போம். நல்ல கன்றுக்கு 12 முதல் 15 சென்டிமீட்டர் வரை உள்ளே போகும். இதற்கு ஐந்து, ஆறு சென்டிமீட்டரிலேயே நின்றுவிடும். நீங்களாகச் செய்து பார்க்காதீர்கள், டாக்டரைக் கூப்பிட்டுப் பார்த்துக்கொள்ளுங்கள். இனிமேல் சினை ஊசிக்கும் ஹார்மோன் ஊசிக்கும் ஒரு ரூபாய்கூடச் செலவழிக்க வேண்டாம். எந்த ஊசியாலும் இல்லாத கருப்பையை உண்டாக்க முடியாது.

இரட்டையர் அம்மா எழுதியது:

இதைப் படித்ததிலிருந்து நெஞ்சு படபடக்கிறது. எனக்கு ஆணும் பெண்ணுமாக இரட்டைக் குழந்தைகள், நாலு வயது ஆகிறது. காட்பாடியில் இருக்கிறோம். என் பெண்ணுக்கும் இப்படி ஏதாவது இருக்குமா? தயவுசெய்து யாராவது சொல்லுங்கள்.

எலும்புப் பாடம் எழுதியது:

அம்மா, பயப்படாதீர்கள். உங்கள் மகளுக்கு இதனால் ஒன்றும் இல்லை. நான் வேலூரில் செவிலியர் மாணவிகளுக்கு உடற்கூறு பாடம் எடுப்பவள், நிச்சயமாகத் தெரிந்துதான் சொல்கிறேன்.

மனிதர்களில் ஆண், பெண் இரட்டையர் என்றால் இரண்டு தனித்தனிக் கருமுட்டையில் உருவானவர்கள். ஒவ்வொரு குழந்தைக்கும் தனி நஞ்சுக்கொடி. அவை பக்கத்தில் பக்கத்தில் ஒட்டி வளர்ந்தாலும், மாட்டுக்கு ஆவதுபோல ரத்தக்குழாய்கள் இணைவது மிக மிக அபூர்வம். பெரும்பாலும் ஒரே முட்டையிலிருந்து பிரிந்த இரட்டையருக்குத்தான் அப்படி இணையும். அவர்கள் இரண்டு பேரும் ஆண், அல்லது இரண்டு பேரும் பெண். ஆணோடு இரட்டையாகப் பிறந்த பெண்கள் எத்தனையோ பேர் பெரியவர்களாகிப் பிள்ளை பெற்று நன்றாக இருக்கிறார்கள். மாட்டின் கதையை மாட்டோடு விட்டுவிட்டு நிம்மதியாகத் தூங்குங்கள்.

பாலாற்றங்கரை அண்ணா கேட்ட "எந்த இடத்தில் பிரிகிறது" என்பதற்கும் சொல்கிறேன். ஆறு வாரம் வரை மனிதக் கருவில் ஆண், பெண் என்று உறுப்பை வைத்துப் பிரிக்க முடியாது. விரையாகவும் ஆகலாம், சினைப்பையாகவும் ஆகலாம் என்ற நிலையில் ஒரே மொட்டு. கருப்பைக்கான குழாய், ஆண் உறுப்புக்கான குழாய் என இரண்டு ஜோடியும் ஒவ்வொரு கருவிலும் இருக்கும். ஆணுக்கு உள்ள ஒய் நிறப்புரியில் (ஒய் குரோமோசோமில்) எஸ்ஆர்ஒய் என்று ஒரு மரபணு இருக்கிறது, 1990இல் கண்டுபிடித்தார்கள். அது ஏழாவது வாரம் வாக்கில் வேலை செய்தால் மொட்டு விரையாகும். அதற்கப்புறம் நடப்பதெல்லாம் டாக்டர் ஐயா சொன்ன அந்த இரண்டு சுரப்பின் வேலை. ஆண்களுக்கும் மார்புக் காம்பு இருப்பது இதனால்தான். இந்தப் பிரிவு நடப்பதற்கு முன்பே காம்புக்கு அடித்தளம் போட்டாகிவிடும்.

1947இல் ஆல்ஃபிரட் ஜோஸ்ட் முயல் குட்டிகளின் விரையைத் தாயின் வயிற்றில் இருக்கும்போதே எடுத்துவிட்டுப் பார்த்தார். ஆணாகப் பிறக்க வேண்டிய குட்டிகளும் பெண் உறுப்புகளோடு வளர்ந்தன. உங்கள் கிடாரிக்கு நடந்ததைத் திருப்பிப் போட்டால் அதுதான். நிறப்புரி தொடக்கத்தில் ஒரு வார்த்தை சொல்கிறது. அதற்கப்புறம் எந்தச் சுரப்பு எந்த வாரத்தில் எங்கே போய்ச் சேர்ந்தது என்பதில்தான் உடம்பு இருக்கிறது.

இரட்டையர் அம்மா எழுதியது:

ரொம்ப நன்றி அக்கா. இப்போதுதான் மூச்சு வந்தது.

அணைக்கட்டுத் திமில் எழுதியது:

டாக்டர் ஐயாவுக்கு ஒரு கேள்வி. எங்கள் வீட்டில் எருது விடும் விழாவுக்கு ஒரு காளை வளர்க்கிறோம். அதற்கு நேர் மூத்தது, அதே தாய், அதே தகப்பன், அதைச் சின்ன வயதிலேயே காயடித்து ஏருக்குப் பழக்கிவிட்டார் அப்பா. இரண்டையும் பக்கத்தில் கட்டினால் அண்ணன் தம்பி என்று யாரும் சொல்ல மாட்டார்கள். காளைக்குத் திமில் உருண்டு ஒரு பக்கம் சாய்கிறது, கழுத்தில் மடிப்பு, நெற்றி அகலம், முன்பக்கம் முழுக்கக் கனம். தெருவில் அவிழ்த்துவிட்டால் மண் அதிரும். எருதோ மெலிந்த கழுத்து, திமிலும் சிறிசு, சாது. ஆனால் உயரத்தில் எருதுதான் கூட. நாலு விரல் உயரம். காயடித்தால் வளர்ச்சி குறைய வேண்டாமா? எப்படி உயர்கிறது?

குடியாத்தம் மாட்டு டாக்டர் எழுதியது:

நல்ல கண் உங்களுக்கு. கால் எலும்பின் இரண்டு முனையிலும் குருத்தெலும்புத் தட்டு ஒன்று இருக்கும். எலும்பு நீள்வது அங்கேதான். பருவம் வந்து பாலின ஹார்மோன் ஊறியதும் அந்தத் தட்டு மெல்ல மெல்ல எலும்பாகி மூடிக்கொள்ளும். மூடியதும் உயரம் நின்றுவிடும். காயடித்த மாட்டுக்கு அந்த ஹார்மோன் இல்லை, தட்டு மூடத் தாமதமாகும், கால் நீண்டுகொண்டே போகும். திமிலும் கழுத்துத் தசையும் டெஸ்டோஸ்டிரோனின் கொடை, அதனால் அவை எருதுக்கு வாய்க்கவில்லை. ஒரே ஹார்மோன் தசையை வளர்க்கிறது, உயரத்தை நிறுத்துகிறது.

எலும்புப் பாடம் எழுதியது:

ஐயா சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். எலும்பின் தட்டை மூடுவது ஆண்களிலும் ஈஸ்ட்ரோஜன்தான், நாம் பெண் ஹார்மோன் என்று சொல்லும் அதே ஈஸ்ட்ரோஜன். ஆண் உடம்பு டெஸ்டோஸ்டிரோனில் கொஞ்சத்தை ஈஸ்ட்ரோஜனாக மாற்றிக்கொள்ளும். 1994இல் அமெரிக்காவில் ஒரு நோயாளியைப் பற்றி எழுதினார்கள். 28 வயது ஆண், 204 சென்டிமீட்டர் உயரம், இன்னும் வளர்ந்துகொண்டே இருந்தார். டெஸ்டோஸ்டிரோன் எல்லாம் சரியாகவே இருந்தது. ஈஸ்ட்ரோஜனை ஏற்கும் ஏற்பி மட்டும் அவர் உடம்பில் வேலை செய்யவில்லை. தட்டு மூடவே இல்லை. உங்கள் வீட்டு எருதின் கால் நீண்டதும் இதே வழியில்தான்.

விரிஞ்சிபுரம் வாசி எழுதியது:

எல்லாம் சரி. நான் ஒன்று சொல்கிறேன். ஆண்டவன் படைப்பில் ஆண்தான் பெரியது, ஆண்தான் பலம், ஆண்தான் அழகு. மயிலைப் பாருங்கள், சேவலைப் பாருங்கள், சிங்கத்தைப் பாருங்கள், யானையைப் பாருங்கள். நம் பேரணாம்பட்டு, குடியாத்தம் பக்கம் ஆந்திரக் காட்டிலிருந்து இறங்கும் யானைகளில் தந்தம் ஆணுக்குத்தானே இருக்கிறது? எந்த உயிரை எடுத்தாலும் இதே கணக்குதான்.

வள்ளிமலை வாத்தியார் எழுதியது:

நண்பரே, நீங்கள் சொன்ன நான்கும் உண்மை. "எந்த உயிரை எடுத்தாலும்" என்பதுதான் உண்மை இல்லை. தந்தத்தையே எடுங்கள். நம் காட்டு யானையில் ஆணுக்கு மட்டும்தான் தந்தம் வெளியே நீளும், அதிலும் தந்தமில்லாத ஆண் உண்டு, மக்னா என்கிறோம். ஆப்பிரிக்க யானையில் ஆண், பெண் இரண்டுக்கும் தந்தம் உண்டு.

இருபது வருடமாக இந்தப் பக்கத்து ஏரிகளையும் பாறைகளையும் சுற்றி வருகிறேன். கண்ணால் பார்த்ததைச் சொல்கிறேன். வல்லூறை எடுத்துக்கொள்ளுங்கள். ஜோடி ஒன்று பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்தால், பெரியது பெண். ஆணின் கண் நல்ல சிவப்பு, பெண்ணின் கண் மஞ்சள் கலந்தது. பருந்து, கழுகு இனங்களில் பலவற்றில் பெண்தான் பெரிது. ஏரியில் தண்ணீர் நின்றால் நீளவால் இலைக்கோழி வரும். அதில் பெண் பெரியது. ஒரு பெண் பல ஆண்களோடு சேர்ந்து முட்டையிட்டுவிட்டுப் போய்விடும், அடைகாப்பதும் குஞ்சு வளர்ப்பதும் ஆணின் வேலை. மயில் உள்ளானிலும் அப்படியே. பெயரில் மயில் இருந்தாலும் செம்பழுப்புக் கழுத்தும் பளிச்சென்ற நிறமும் பெண்ணுக்கு. ஆண் மண் நிறத்தில் மங்கி, கூட்டில் உட்கார்ந்திருக்கும். யார் அடைகாக்கிறார்களோ அவர்கள் கண்ணுக்குத் தெரியாத நிறத்தில் இருப்பது உயிரைக் காப்பாற்றும். யார் ஜோடிக்காகப் போட்டி போடுகிறார்களோ அவர்களுக்குத்தான் உருவமும் நிறமும் கூடுகிறது. மயிலில் போட்டி ஆணுக்கு, இலைக்கோழியில் பெண்ணுக்கு.

சிலந்திக்கு வந்தால் இன்னும் தூரம் போகும். ராட்சத மரச்சிலந்தியின் வலை நடுவே உள்ளங்கை அகலத்தில் உட்கார்ந்திருப்பது பெண். வலையின் ஓரத்தில் ஒட்டிக்கொண்டிருக்கும் சிவந்த பொடிப் பூச்சியை யாரும் கவனிப்பதில்லை. அதுதான் அதன் ஆண்.

நான் அதிகம் பார்த்து நின்றது பாறை ஓணானை. நம் ஊர் மொட்டைப் பாறைகளில் வெயில் ஏறியதும் வெளியே வரும். பருவக் காலத்தில் ஆணின் முதுகு செக்கச்செவேல் என்று, பக்கமெல்லாம் கன்னங்கரேல் என்று இருக்கும். பாறை நுனியில் ஏறி முன்காலை ஊன்றித் தலையை ஆட்டும். பெண் அதே பாறையில் இரண்டடி தள்ளி உட்கார்ந்திருக்கும். பாறையின் பழுப்பு, அதன் மேலுள்ள கருந்திட்டு எல்லாம் அப்படியே அதன் தோலில். அசைந்தால்தான் தெரியும். ஒரு நாள் வள்ளிமலைச் சரிவில் இந்த ஆணைப் பார்த்துக்கொண்டே அரைமணி நேரம் நின்றுவிட்டு, காலடியில் இருந்த பெண்ணை மிதிக்கப் பார்த்தேன். வல்லூறு மேலே சுற்றும்போது அந்தச் சிவப்பு எவ்வளவு ஆபத்து என்று அன்றுதான் எனக்கு உறைத்தது. ஆண் அந்த ஆபத்தோடுதான் நிறத்தை உடுத்துகிறது.

குயிலைச் சொல்லாமல் விடக் கூடாது. பங்குனியில் கூவுவது ஆண், முழுக் கறுப்பு. பெண்ணுக்கு உடம்பெல்லாம் பழுப்பில் வெள்ளைப் புள்ளி, குரலும் கிக்கிக்கிக் என்று வேறு. என் மாணவர்களில் பாதிப் பேர் இரண்டையும் வேறு வேறு பறவை என்றே நினைத்திருந்தார்கள். பெண்ணின் குரலுக்குக் குயிலை உவமை சொல்கிறோம். நாம் கேட்டு மயங்கியது ஆணின் குரலை.

தமிழனுக்கு இந்த வேறுபாடு எவ்வளவு முக்கியமாக இருந்திருக்கிறது என்று தொல்காப்பியத்தின் மரபியலைப் படித்தால் தெரியும். ஆணுக்குக் களிறு, கலை, இரலை, கடுவன், போத்து, ஏறு என்று வரிசையாகப் பெயர். பெண்ணுக்குப் பிடி, பிணை, மந்தி, நாகு, அளகு, பேடை. ஆட்டுக்கிடாவுக்கு மட்டும் மோத்தை, தகர், உதள், அப்பர் என்று நான்கு. சேவல் என்ற பெயர் சிறகுள்ள எல்லாவற்றின் ஆணுக்கும் பொருந்தும், மயிலுக்கு மட்டும் பொருந்தாது என்றும் அங்கேயே இருக்கிறது. மேய்த்தவர்களும் வேட்டையாடியவர்களும் கூர்ந்து பார்த்துப் பார்த்து வைத்த சொற்கள் இவை. கண்ணால் பிரித்துப் பார்த்தவனுக்குத்தான் இத்தனை பெயர் வேண்டியிருக்கும்.

தண்டராம்பட்டு எழுதியது:

முதலையை விட்டுவிட்டீர்கள் ஐயா. எங்கள் சாத்தனூர் அணையில் முதலைப் பண்ணை உண்டு. நம் ஊர் முதலைக்கு எக்ஸ், ஒய் என்று எதுவும் கிடையாது. முட்டை புதைந்த மண்ணின் சூடுதான் முடிவு செய்யும். 31 டிகிரி வரைக்கும் பெண் குஞ்சு, 32.5 டிகிரி வாக்கில் ஆண் குஞ்சு. ஒன்றரை டிகிரியில் மொத்தக் கூடும் மாறிவிடும். வேலூர் வெயிலை நினைத்தால் இது என்ன ஆகும் என்று எனக்குக் கவலைதான்.

பாலாற்றங்கரை எழுதியது:

மாட்டில் ஆரம்பித்து எங்கெங்கோ போய்விட்டோம், படிக்கப் படிக்கச் சந்தோஷமாக இருக்கிறது. டாக்டர் ஐயா, இன்னொன்று. நான் சின்னப் பையனாக இருந்தபோது எங்கள் வீட்டுப் பெட்டைக் கோழி ஒன்று கூவ ஆரம்பித்தது. இரண்டு வருடம் முட்டையிட்ட கோழி. கொண்டை சிவந்து பெரிதாகி, வாலில் சேவலுக்குப் போல வளைந்த இறகுகூட வந்தது. வீட்டுக்கு ஆகாது என்று அம்மா அன்றைக்கே அறுத்துவிட்டார். அதுவும் இந்தக் கதைதானா?

குடியாத்தம் மாட்டு டாக்டர் எழுதியது:

அதே கதைதான், ஆனால் கோழியில் ஒரு திருப்பம் உண்டு தம்பி.

பெட்டைக் கோழிக்கு இடப்பக்கச் சினைப்பை ஒன்றுதான் வேலை செய்யும். வலப்பக்கத்தில் இருப்பது வளராத வெறும் அரும்பு. கட்டி, சீழ் என்று ஏதாவது வந்து இடப்பக்கம் கெட்டுப்போனால் ஈஸ்ட்ரோஜன் நின்றுவிடும். அப்போது வலப்பக்க அரும்பு விழித்துக்கொண்டு விரைபோல வளர ஆரம்பிக்கும். கொண்டை சிவப்பதும் கூவுவதும் அதனால். வால் இறகு மாறுவதற்குக் காரணம் வேறு. கோழி இனத்தில் பகட்டான இறகு ஆண் ஹார்மோனால் வருவது கிடையாது. ஈஸ்ட்ரோஜன் தடுக்காத உடம்பில் அது தானாக வரும். பெட்டையின் எளிய இறகைத்தான் ஈஸ்ட்ரோஜன் செய்கிறது. மயிலிலும் இப்படியே, சினைப்பை கெட்ட பெண் மயிலுக்குத் தோகை வளர்ந்ததைப் பார்த்து எழுதியிருக்கிறார்கள்.

சேவலைக் காயடித்தால் கொண்டை சுருங்கி வெளுக்கும், கூவாது, சண்டை போடாது. வால் இறகு மட்டும் அப்படியே இருக்கும். 1849இல் ஜெர்மனியில் பெர்தோல்டு என்பவர் சேவல்களின் விரையை எடுத்து, சிலவற்றுக்கு அதை வயிற்றுக்குள் வேறு இடத்தில் வைத்துத் தைத்தார். அந்தச் சேவல்களுக்குக் கொண்டை திரும்ப வளர்ந்தது, கூவின, சண்டை போட்டன. நரம்புத் தொடர்பு இல்லாத இடத்தில் இருந்தும் ஒரு உறுப்பு ரத்தம் வழியாக உடம்பை ஆளுகிறது என்று உலகத்துக்குத் தெரிந்தது அந்தச் சேவல்களால்தான். உங்கள் அம்மாவைக் குறை சொல்ல மாட்டேன், அன்றைக்கு நம் ஊரில் யாருக்கும் இது தெரியாது. அந்தக் கோழி நோயாளி, பாவம். வீட்டுக்குக் கெடுதல் எதையும் கொண்டுவரவில்லை.

ஆம்பூர் லாஸ்ட் எழுதியது:

எல்லோரும் மாடு, பறவை என்று எழுதுகிறீர்கள். மனிதர்களைப் பற்றி என் வேலையிலிருந்து ஒன்று சொல்கிறேன். ஆம்பூரில் ஷூ கம்பெனியில் பதினான்கு வருடமாக வேலை செய்கிறேன், பேட்டர்ன் பிரிவில். ஷூவை இழுத்துப் பொருத்தும் கால் அச்சுக்கு லாஸ்ட் என்று பெயர். புதிதாக வரும் பெண்கள் எல்லோரும் முதலில் நினைப்பது, ஆண் லாஸ்டைச் சின்னதாக்கினால் பெண் லாஸ்ட் என்று. இரண்டையும் ஒரே நீளத்தில் எடுத்து மேசையில் பக்கத்தில் வைப்பேன். கையால் தடவிப் பாருங்கள் என்பேன். விரல் பக்கத்து அகலம் ஏறக்குறைய ஒட்டி வரும். குதிகாலுக்கு வந்ததும் பெண் லாஸ்ட் கையில் சட்டென்று ஒடுங்கும். பாத வளைவும் வேறு, கணுக்கால் பக்கத்துச் சுற்றும் வேறு.

ஆண் ஷூவையே சின்ன சைஸில் பெண்ணுக்குக் கொடுத்தால் முன்னால் சரியாக இருக்கும், பின்னால் குதிகால் கழன்று கழன்று தேயும். தோல் தொழிற்சாலைகளிலும் கட்டட வேலையிலும் பெண்களுக்கு அப்படித்தான் பாதுகாப்புக் காலணி கொடுக்கிறார்கள். கொப்புளத்தோடு வேலை செய்கிறார்கள். ஆண், பெண் உடம்பு வேறுபாடு என்றால் எனக்கு அந்தக் கொப்புளம்தான் ஞாபகம் வரும்.

எலும்புப் பாடம் எழுதியது:

அக்கா, நீங்கள் எழுதியதை அப்படியே என் வகுப்பில் சொல்லப் போகிறேன். மருந்திலும் இதே தப்பு நடந்தது. சோல்பிடெம் என்ற தூக்க மாத்திரையை ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே அளவில் கொடுத்துவந்தார்கள். பெண் உடம்பிலிருந்து அது மெதுவாகத்தான் வெளியேறுகிறது, காலையிலும் ரத்தத்தில் மிச்சம் இருக்கிறது என்று தெரிந்து, 2013இல் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு நிறுவனம் பெண்களுக்கான அளவை 10 மில்லிகிராமிலிருந்து 5 ஆகக் குறைத்தது. எடை வித்தியாசம் மட்டும் இதற்குக் காரணம் இல்லை.

எலும்பில் வேறுபாடு நன்றாகத் தெரிவது இடுப்பில். மாணவிகளுக்கு நான் சொல்லிக் கொடுக்கும் முறை இது. கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் முழுக்க விரியுங்கள், நடுவில் இருக்கும் கோணம் பெண் இடுப்பெலும்பின் முன்வளைவு. ஆள்காட்டி விரலையும் நடுவிரலையும் விரியுங்கள், அது ஆண். மண்ணில் கிடைத்த எலும்பு யாருடையது என்று கேட்டால் தடயவியல்காரர்கள் முதலில் தேடுவது அந்த வளைவைத்தான். குழந்தையின் தலை வெளியே வருவதற்கான வழி அது. பிரசவம் சிக்கலாகும்போது உதவி கிடைக்காவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு நம் பக்கத்திலேயே ஒரு வரலாறு உண்டு. திண்டிவனத்தில் ஒரே இரவில் மூன்று பெண்கள் பிரசவத்தில் இறந்தார்கள். ஆண் மருத்துவர் தொடக் கூடாது என்று வீட்டார் மறுத்திருந்தார்கள். அதைப் பார்த்த அமெரிக்க மிஷனரி குடும்பத்துப் பெண் ஐடா ஸ்கடர், மருத்துவம் படித்துத் திரும்பி வந்து 1900இல் வேலூரில் ஒரே ஒரு கட்டிலோடு தொடங்கியதுதான் இன்றைய சிஎம்சி மருத்துவமனை. 1918இல் பெண்களுக்காக மருத்துவப் பள்ளி தொடங்கினார். ஆண்களை அதில் சேர்த்துக்கொண்டது 1947இல்தான்.

ரத்தத்திலும் வேறுபாடு உண்டு. ஹீமோகுளோபின் ஆணுக்கு 13க்குக் கீழே போனால் சோகை, கர்ப்பமில்லாத பெண்ணுக்கு 12க்குக் கீழே. டெஸ்டோஸ்டிரோன் சிவப்பணுவைக் கூட்டும், மாதவிடாயில் இரும்புச்சத்து போகும், இரண்டும் சேர்ந்த கணக்கு அது. ஆனால் 12 என்பது எல்லைக் கோடு. நம் பக்கத்தில் பத்து, ஒன்பது என்று வைத்துக்கொண்டு "பொம்பளைக்கு அவ்வளவுதான் இருக்கும்" என்று விட்டுவிடுகிறார்கள். அப்படி விடாதீர்கள், அது நோய்.

விரிஞ்சிபுரம் வாசி எழுதியது:

பறவைகளைப் பற்றிச் சொன்னதை ஒத்துக்கொள்கிறேன் வாத்தியார் ஐயா. மனிதர்களில் ஆண்தானே உயரம்? என் மகள் காவலர் தேர்வுக்குப் படிக்கிறாள். பெண்ணுக்கு 159 சென்டிமீட்டர் போதும், ஆணுக்கு 170 வேண்டும் என்று விதியே இருக்கிறது.

எலும்புப் பாடம் எழுதியது:

சராசரியில் ஆண்தான் உயரம், சந்தேகமே இல்லை. உலகம் முழுக்கப் பார்த்தாலும் 12, 13 சென்டிமீட்டர் வித்தியாசம் வரும். அது எப்போது வருகிறது என்று பாருங்கள். பத்து வயது வரை பையனும் பெண்ணும் ஏறக்குறைய ஒரே உயரம். ஏழாம் வகுப்புப் பிள்ளைகளை உயரப்படி வரிசையாக நிற்க வைத்தால் பின்வரிசையில் நிறையப் பெண் பிள்ளைகள் இருப்பார்கள். பெண்ணுக்கு வளர்ச்சி இரண்டு வருடம் முந்தி வந்து, முந்தி முடிகிறது. பையன் அந்த இரண்டு வருடம் கூடுதலாக வளர்கிறான். அணைக்கட்டுத் தம்பி வீட்டு எருதில் பார்த்த அதே எலும்புத் தட்டு, இங்கே மூடும் நேரம் கொஞ்சம் மாறுகிறது.

கொரில்லாவில் ஆண் பெண்ணைப் போல இரண்டு மடங்கு எடை. மனிதரில் அப்படி இல்லை. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகமும் தேசிய ஊட்டச்சத்து நிறுவனமும் 2020இல் வைத்த கணக்கில் ஆணுக்கு 65 கிலோ, பெண்ணுக்கு 55. கோரைப்பல்லைப் பாருங்கள். வள்ளிமலைக் குரங்குகளில் கடுவனுக்கும் (ஆண்) மந்திக்கும் (பெண்) பல்லிலேயே பெரிய வித்தியாசம் இருக்கும், நமக்கு உற்றுப் பார்த்தால்தான் தெரியும். கை, தோள் பலத்தில் வேறுபாடு அதிகம், காலில் அவ்வளவு இல்லை. சராசரி ஒன்று, ஆள் ஒன்று. உங்கள் மகள் எவ்வளவு உயரம் அண்ணா? நீங்கள் எவ்வளவு?

விரிஞ்சிபுரம் வாசி எழுதியது:

இதைக் கேட்டதும் இன்று சாயங்காலம் இரண்டு பேரும் கதவு நிலையில் நின்று பென்சிலால் கோடு போட்டோம். நான் 164. அவள் 166. பக்கத்தில் நின்று எத்தனையோ தடவை போட்டோ எடுத்திருக்கிறோம், ஒரு நாளும் கவனித்ததில்லை. நான் முன்னே எழுதியதை மாற்றிக்கொள்கிறேன்.

பாலாற்றங்கரை எழுதியது:

எல்லோருக்கும் ஒரு தகவல். நேற்று டாக்டர் வந்து பார்த்தார். கை விட்டுப் பார்த்ததும் தலையை ஆட்டிவிட்டார். கருப்பை இருக்க வேண்டிய இடத்தில் ஒரு நரம்பு போலத்தான் கைக்குத் தட்டுப்பட்டதாம். ஊசி எதுவும் வேண்டாம் என்று குடியாத்தம் ஐயா சொன்னதையே அவரும் சொன்னார். மாடு நல்ல பலமாக இருக்கிறது, வண்டிக்குப் பழக்கிப் பார்க்கலாம் என்று அப்பா சொல்கிறார். இப்போதைக்கு வைத்துக்கொள்கிறோம். இனிமேல் சந்தையில் பல்லைப் பிடித்துப் பார்ப்பதற்கு முன்னால் "ஒற்றையா, ரெட்டையா" என்று கேட்டுவிட்டுத்தான் கயிற்றைத் தொடுவேன்.

இன்னொன்று. சித்தப்பா வீட்டு ஆடு இன்று காலையில் ரெட்டைக் குட்டி போட்டது. ஒன்று கிடா, ஒன்று பெட்டை. என் கதையைக் கேட்டுவிட்டுச் சித்தப்பா பெட்டையை இப்போதே தள்ளிவிடலாம் என்கிறார். ஆட்டுக்கும் அப்படித்தானா ஐயா?

குடியாத்தம் மாட்டு டாக்டர் எழுதியது:

இல்லை இல்லை, விற்க வேண்டாம் என்று உடனே சொல்லுங்கள். ஆட்டுக்கு ரெட்டை சகஜம், ரத்தக்குழாய்கள் இணைவது அபூர்வம். கிடாவோடு பிறந்த பெட்டை நன்றாகவே குட்டி போடும். ரெட்டை ஈன்ற ஆட்டின் பெட்டைதான் வளர்ப்புக்கு நல்லது. இரண்டு குட்டிக்கும் சீம்பால் போதுமான அளவு கிடைக்கிறதா என்று மட்டும் இன்று ராத்திரிக்குள் பார்த்துக்கொள்ளச் சொல்லுங்கள்.